புல்பூண்டு முளைக்காத இடம்

"பிடுங்கிடலாமா சார்?" என்று போனில் கேட்டார் சூப்பர்வைசர்.

"எதை?"

"செடியை."

மறுமுனையில் கம்பெனி வக்கீல் நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டு உட்காரும் சத்தம் கேட்டது.

"எந்த இடத்துல செடி?"

"நம்ம இடத்துலதான் சார். கேஸ் நடக்கற இடத்துல. தக்காளிச் செடி."

"தக்காளின்னு எப்படிச் சொல்றீங்க? காய்ச்சிருக்கா?"

"பூகூட வரலை சார். ஒரு இலையைக் கசக்கி மோந்து பாத்தேன். தக்காளிதான்."

"இலையைக் கசக்கினீங்களா?" வக்கீலின் குரலில் பதற்றம் ஏறியது. "யாராவது பாத்தாங்களா?"

சூப்பர்வைசர் திரும்பிப் பார்த்தார். வேலிக்கு அந்தப் பக்கம் தன் வரப்பின்மேல் உட்கார்ந்து மனுதாரர் பார்த்துக்கொண்டுதான் இருந்தார். கையைக்கூட ஆட்டினார்.

மனுதாரர் என்பது பக்கத்து நிலத்துக்காரப் பெண்மணி. அவருக்கு அப்பா அம்மா வைத்த நல்ல பெயர் ஒன்று இருந்தது. வழக்கு இழுத்த இழுப்பில் அதை எல்லோரும் மறந்துவிட்டார்கள். மளிகைக் கடைக்காரர்கூட, "மனுதாரருக்கு ஒரு கிலோ சர்க்கரை போடு" என்றுதான் சொல்வார். அவரும் அதைத் தப்பாக எடுத்துக்கொள்வதில்லை.

விவகாரம் இதுதான். ஒரு கல் கம்பெனி அந்த மேட்டு நிலத்தை வாங்கி, தோண்டிக் கல்லெடுக்க அனுமதியும் வாங்கிவிட்டது. "அது விளையற பூமி. பாதுகாக்கப்பட்ட விவசாயப் பகுதிக்குள்ள வருது. அங்க குவாரி போட்டா கீழே இருக்கற என் வயல் புழுதி மூடிப் போயிடும்" என்று மனுதாரர் கோர்ட்டுக்குப் போனார். "விளைகிற பூமியா? புல்பூண்டுகூட முளைக்காத கட்டாந்தரை" என்று கம்பெனி எழுதிக் கொடுத்தது. நீதிபதி இரண்டு தரப்பையும் நம்பவில்லை. இரண்டு தரப்பையும் நம்பினால் நீதிபதியாக இருக்க முடியாது. நேரில் பார்த்து அறிக்கை கொடுக்க ஒரு கமிஷனரை நியமித்தார். அதுவரைக்கும் உள்ளது உள்ளபடியே இருக்கட்டும், யாரும் அந்த நிலத்தில் ஒரு துரும்பைக்கூட அசைக்கக் கூடாது என்று உத்தரவும் போட்டார்.

துரும்பு அசையாமல் பார்த்துக்கொள்ளத்தான் கம்பெனி இந்தச் சூப்பர்வைசரை அங்கே உட்கார வைத்திருந்தது. காலையில் வந்து பாறை நிழலில் உட்கார வேண்டும். ஒன்றும் நடக்காமல் பார்த்துக்கொள்ள வேண்டும். சாயங்காலம் வீட்டுக்குப் போகலாம். ஆனால் ஒன்றும் செய்யாமல் இருப்பதற்கு ஒரு மனுஷனைச் சம்பளம் கொடுத்து வைத்தால், அவன் சாப்பிடவாவது செய்வான் அல்லவா? இவரும் சாப்பிட்டார். அங்கேதான் வந்தது வினை.

"பிடுங்கினா கோர்ட் அவமதிப்பு," என்றார் வக்கீல். "பிடுங்கலைன்னா கேஸ் காலி. புல்பூண்டு முளைக்காதுன்னு நான்தான் எழுதிக் கொடுத்திருக்கேன். கமிஷனர் அடுத்த வாரம் வராங்க."

"அப்ப என்னதான் சார் பண்றது?"

"நீங்க ஒண்ணும் பண்ணக் கூடாது. அது தானா பட்டுப்போகணும்."

"பட்டுப்போகலைன்னா?"

"பட்டுப்போகற வரைக்கும் ஒண்ணும் பண்ணாதீங்க," என்று வக்கீல் போனை வைத்துவிட்டார்.

வீட்டில் மனைவி ஜன்னலோரமாகத் தையல் மெஷினில் உட்கார்ந்திருந்தார்.

"ஏங்க, முகம் ஏன் இப்படி இருக்கு?"

"ஒரு செடி முளைச்சிருக்கு."

"முளைச்சா நல்லதுதானே?"

சூப்பர்வைசர் விவரத்தைச் சொன்னார். மெஷின் நின்றுவிட்டது.

மெஷின் நிற்கக் காரணம் உண்டு. கல்யாணமான நாளிலிருந்து கம்பெனி அவர்களை ஊர் ஊராகத் துரத்திக்கொண்டிருந்தது. ஒரு குவாரியில் கல் தீர்ந்தால் அடுத்த குவாரி, அடுத்த ஊர், அடுத்த வீடு. எந்த வீட்டிலும் மனைவி பாதிச் சாமானைப் பெட்டியை விட்டு எடுக்கவே மாட்டார். எடுத்தால் மறுபடியும் கட்ட வேண்டுமே. இந்த ஊருக்கு வந்தபோதுதான் மேனேஜர் வாய்திறந்து ஒரு வார்த்தை சொன்னார். "இந்தக் குவாரி மட்டும் ஆரம்பிக்கட்டும்யா. நீ ரிட்டயராகற வரைக்கும் இங்கதான்."

அதை நம்பி மனைவி எல்லாப் பெட்டியையும் பிரித்தார். சுவரில் ஆணி அடித்தார். தெருவில் பாதிப் பேருக்குத் துணி தைத்துக் கொடுக்க ஆரம்பித்தார். வாழ்க்கையில் முதல் தடவையாக அவருக்கு ஒரு தோழி கிடைத்தாள். தோழியோடு ஒரு சண்டையும் வந்து, சமாதானமும் ஆகியிருந்தது. ஓர் ஊரில் வேர் பிடிக்காமல் இதெல்லாம் நடக்குமா?

"இந்தக் கேஸ் தோத்தா?" என்று கேட்டார் மனைவி.

"வேற ஊருதான்."

"அப்ப நீங்க போயிட்டு வாங்க. மாசத்துக்கு ஒரு தடவை வந்து தலையைக் காட்டுங்க. நான் இனிமே பெட்டி கட்டறதா இல்லை."

கோபமாகச் சொல்லியிருந்தால் பரவாயில்லை. மனைவி பல்லில் நூலைக் கடித்து அறுத்துக்கொண்டே, பக்கத்து வீட்டுச் செய்தி சொல்வதுபோல் சொன்னார். அந்த அம்மாள் இல்லாத வீட்டில் அவர் ஒரு வாரம் தாங்க மாட்டார். இது அவருக்கும் தெரியும், அந்த அம்மாளுக்கும் தெரியும்.

மறுநாள் அவர் செடி முளைத்த காரணத்தைக் கண்டுபிடித்தார். காரணம் அவரேதான். அவருக்குத் தக்காளி பிடிக்கும், விதை பிடிக்காது. மத்தியானம் பாறைமேல் உட்கார்ந்து சாப்பிடும்போது விதையை வழித்து ஒதுக்கிப் பாறைக்குப் பின்னால் உதறுவார். பிறகு கேனிலிருந்து தண்ணீர் சாய்த்து அதே இடத்தில் கையும் டப்பாவும் கழுவுவார்.

"ஒருநாள் தவறாம விதை போட்டுத் தண்ணி விட்டிருக்கே," என்றார் வேலிக்கு அப்பாலிருந்து மனுதாரர். "எங்க வீட்டுக்காரர்கூட இவ்வளவு ஒழுங்கா விவசாயம் பண்ணதில்லை தம்பி."

"அக்கா, நான் வேணும்னு செய்யலை."

"பூமிக்கு அதெல்லாம் தெரியாதுப்பா."

"நீங்க கொஞ்சம் இந்தப் பக்கம் பாக்காம இருங்களேன்."

"பாக்கக் கூடாதுன்னு உத்தரவுல இல்லையே. தொடக் கூடாதுன்னுதான் இருக்கு. நான் தொட மாட்டேன். தொட்டா என் கேஸ் போயிடும்."

சூப்பர்வைசர் சாப்பாட்டு இடத்தை மாற்றினார். பாறையை விட்டு நிலத்தின் மறுகோடிக்குப் போய்விட்டார். அங்கே நிழல் இல்லை. வெயில் மண்டையைப் பிளந்தது. மனைவிக்கு அது பொறுக்கவில்லை. "பாவம், வெயில்ல உக்காந்து சாப்பிடறீங்க" என்று தினமும் ஒரு துண்டு தர்பூசணி சேர்த்துக் கொடுத்தார். இவர் தின்றார். தின்றவர் விதையை என்ன செய்வார்? துப்பினார். பிறகு அங்கேயே கை கழுவினார், டப்பாவை மட்டும் பழையபடி பாறைக்குப் பின்னால் போய்க் கழுவினார். பழக்கம் யாரை விட்டது?

அந்த வாரம் கமிஷனர் வரவில்லை.

"அவங்களுக்குக் காய்ச்சல்," என்றார் வக்கீல். "வாய்தா வாங்கியிருக்கேன். நமக்கு நல்லதுதான். அதுக்குள்ள செடி பட்டுப்போயிடும்."

வாய்தா என்பது கட்சிக்காரர்களுக்குத்தான் கஷ்டம். செடிக்கு அதைவிட நல்ல உரம் உலகத்தில் கிடையாது. அடுத்த வாய்தாவுக்குள் தக்காளி பூத்துவிட்டது. அதற்கடுத்த வாய்தாவில் மறுகோடியில் தர்பூசணிக் கொடி எட்டிப் பார்த்தது. சூப்பர்வைசர் அதைக் கண்டதும் அங்கேயே குத்தவைத்து உட்கார்ந்துவிட்டார்.

"இன்னொண்ணு சார்," என்றார் போனில்.

"இன்னொரு செடியா?"

"கொடி."

வக்கீல் பெருமூச்சு விட்டார். "சரி. பிடுங்கத்தான் கூடாது, மறைக்கலாம். மேல சாக்கைப் போட்டு மூடிடுங்க. ஆனா சாக்கு செடிமேல படக் கூடாது. பட்டு ஒடிஞ்சா அது சேதம்."

"அப்ப நாலு குச்சி நட்டு, அதுமேல சாக்கைப் போடட்டுமா?"

"குச்சி நட்டா தரையில பள்ளம் விழும். பள்ளம் கூடாது. கல்லை அடுக்கி அதுமேல போடுங்க."

"இங்க இருக்கற கல்லை நகத்தலாமா சார்?"

வக்கீல் யோசித்தார். "வேண்டாம். வெளியிலேருந்து கல் கொண்டு போங்க."

கொல்லன் தெருவில் ஊசி விற்ற கதையைக் கேட்டிருப்பீர்கள். கல்லெடுக்க வாங்கிப் போட்ட மேட்டுக்கு, அந்தக் கல் கம்பெனியின் சூப்பர்வைசரே வெளியிலிருந்து கல் சுமந்துகொண்டு போனார். மனுதாரர் வேலையை விட்டுவிட்டு வந்து நின்று பார்த்தார். சிரிக்கவில்லை. சிரிப்பு வந்துவிடும் என்று முந்தானையை வாயில் வைத்துக்கொண்டிருந்தார்.

"நர்சரியில இப்படித்தான் தம்பி நிழல் கட்டுவாங்க," என்றார் கடைசியில். "நீயா கத்துக்கிட்டியா?"

அது அவர் கேலிக்குச் சொன்னது. ஆனால் அதுதான் நடந்தது. அந்த மாதம் அடித்த வெயிலில் சுற்றுவட்டாரமே கருகியது. மனுதாரரின் சொந்த வயலிலேயே பாதி வாடிவிட்டது. சாக்கு நிழலில் இருந்த தக்காளி மட்டும் பச்சைப் பசேலென்று தழைத்துக் காய் விட்டது.

"ஆட்டை விடுங்க," என்றார் வக்கீல், இப்போது அவர் குரலிலும் களைப்பு தட்டியிருந்தது. "ஆடு வாதியும் இல்லை, பிரதிவாதியும் இல்லை. அது மேஞ்சா இயற்கை."

சூப்பர்வைசர் மனுதாரரிடம் போய் நின்றார். "அக்கா, உங்க ஆட்டைக் கொஞ்சம் இந்தப் பக்கம் ஓட்டி விடுங்களேன்."

"என் ஆடு மேஞ்சா நான் மேய்ச்ச கணக்குப்பா. ஆட்டைக் கட்டியே வைங்கன்னு எங்க வக்கீல் சொல்லியிருக்கார். அதுங்களும் என்னோட சேந்து கோர்ட்டுக்குக் கட்டுப்பட்டுக் கிடக்குதுங்க."

வேறு வழியில்லாமல் சூப்பர்வைசர் கேட்டைத் திறந்து வைத்துவிட்டு அந்தப் பக்கம் திரும்பி உட்கார்ந்துகொண்டார். யார் வீட்டு ஆடுகளோ, ஒரு கூட்டம் உள்ளே வந்தது. முதலில் சாக்கைத் தின்றன. பிறகு அங்கங்கே கிடந்த முள்ளையும் களையையும் மேய்ந்து சுத்தமாக்கின. அவருடைய கேனைச் சாய்த்துத் தண்ணீர் குடித்தன. தக்காளியை ஓர் ஆடு மோந்து பார்த்துத் தும்மிவிட்டு ஒதுங்கியது. மற்றவை அதைப் பார்த்துத் தாங்களும் ஒதுங்கின, மறுகோடிக் கொடிவரைக்கும் ஒன்றும் போகவில்லை. போகும்போது செடியைச் சுற்றித் தாராளமாகப் புழுக்கை போட்டுவிட்டுப் போயின.

"களை எடுத்தாச்சு, எருவும் போட்டாச்சு," என்றார் மனுதாரர். "அடுத்து என்ன தம்பி?"

சூப்பர்வைசர் சாய்ந்து கிடந்த கேனை நிமிர்த்தி வைத்தார்.

ஆனால் சாக்கு போனதில் ஒரு நன்மை இருந்தது. மறுநாள் உச்சிவெயில் நேராகச் செடிமேல் விழுந்தது. முந்தின நாளிலிருந்து அவர் கையும் கழுவவில்லை, டப்பாவையும் வீட்டிலேயே கழுவிக்கொண்டார். மத்தியானத்துக்குள் இலைகள் துவண்டன. தண்டு சாய்ந்தது. கொடி தரையோடு தரையாகச் சுருண்டது.

வக்கீல் கேட்ட இயற்கை வந்துவிட்டது. அவர் இப்போது செய்ய வேண்டியது ஒன்றுமில்லை. ஒன்றும் செய்யாமல் இருப்பதுதான் அவர் வேலையே.

டப்பாவைத் திறந்தார். மூடினார். முகத்தை அந்தப் பக்கம் திருப்பிக்கொண்டார். காய்கள் கண்ணில் பட்டுக்கொண்டே இருந்தன. அவர் தின்னாமல் உதறிய விதை அது. யாரும் கூப்பிடாமல் வந்து, யாருக்கும் வேண்டாமல் வளர்ந்து, காயும் விட்டுவிட்டது. எழுந்து கேட் வரைக்கும் நடந்தார். அங்கிருந்து ரோட்டைப் பார்த்தார். ரோட்டில் ஒன்றும் இல்லை. திரும்பி வந்தவர், கேனைத் தூக்கி மளமளவென்று செடிக்குச் சாய்த்து, மீதியைக் கொண்டுபோய்க் கொடிக்கும் ஊற்றிவிட்டார்.

"தம்பி," என்று குரல் வந்தது. "நீ எந்தக் கட்சி?"

"கை கழுவினேன்க்கா."

"இன்னும் சாப்பிடவே இல்லையே நீ."

அதற்குப் பிறகு சூப்பர்வைசர் அடிக்கடி கை கழுவினார். காலையில் வந்ததும் ஒரு தடவை, கிளம்பும்போது ஒரு தடவை. வீட்டில் மனைவி, "இப்பல்லாம் ரெண்டு கேன் எடுத்துட்டுப் போறீங்க, அவ்வளவு தாகமா?" என்று கேட்டார். "வெயில்" என்று சொல்லிவிட்டு அவர் தலையைக் குனிந்துகொண்டார். தன் தலையில் தானே மண்ணை வாரிப் போட்டுக்கொள்கிறோம் என்று அவருக்குத் தெரியாமல் இல்லை. தெரிந்தும் காலையில் கேனை நிரப்பினார். மனைவி ஒரு பாட்டை முணுமுணுத்துக்கொண்டு யாருக்கோ பை தைத்துக்கொண்டிருந்தார். அவர் முகத்தைப் பார்க்கவே இவருக்குக் கூச்சமாக இருந்தது.

ஒருவழியாகக் கமிஷனர் வந்தார். இளவயதுப் பெண் வக்கீல், கையில் குடை, காலில் நல்ல அழுத்தமான ஷூ. கூடவே கம்பெனி வக்கீல், கறுப்புக் கோட்டில் வேர்த்து வழிந்துகொண்டு. மனுதாரர் வேலிக்கு அந்தப் பக்கமே நின்றார்.

வக்கீல் சூப்பர்வைசரின் முழங்கையைப் பிடித்து ஓரமாக இழுத்தார். "யோவ், செடின்னு சொன்னீங்க. தோட்டமா இருக்கு?"

"வாய்தா நீங்கதானே சார் வாங்கினீங்க."

"தக்காளியை விடுங்க, ஏதாவது காட்டுச் செடின்னு சொல்லிப் பாக்கறேன். அந்தப் பெரிய பழத்தையாவது மறைச்சுத் தொலைங்க."

முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைக்க முடியாது என்பார்கள். தர்பூசணிக்கு மட்டும் தனி விதியா என்ன? சூப்பர்வைசர் தோளில் கிடந்த துண்டை அதன்மேல் போட்டு, மெதுவாக அதன்மேல் உட்கார்ந்துகொண்டார்.

கமிஷனர் நேராக அவரிடம்தான் வந்தார். "நீங்க யாரு?"

"சூப்பர்வைசர்ங்க."

"எழுந்திரிங்க."

"கால் வலிங்க மேடம்."

"பரவாயில்லை, உக்காந்தே சொல்லுங்க," என்று கமிஷனர் இரக்கப்பட்ட அந்த நேரம் பார்த்து, கீழே 'படக்' என்று ஒரு சத்தம் கேட்டது. துண்டின் ஓரத்திலிருந்து சிவப்பாக ஏதோ வழிந்தது.

கமிஷனர் பதறிப் போனார். "ஐயோ, அடிபட்டிருக்கா?"

"இல்லைங்க," என்றார் சூப்பர்வைசர் பரிதாபமாக. "பழுத்திருக்கு."

கமிஷனர் துண்டை விலக்கிப் பார்த்தார். அப்புறம் தக்காளியைப் பார்த்தார். பச்சை, செங்காய், பழம் எல்லாம் வரிசையாகத் தொங்கின. "இதையெல்லாம் யார் நட்டது?" என்று கேட்டார்.

இவ்வளவு நேரம் சோர்ந்து நின்ற வக்கீலின் கண்ணில் திடீரென்று வெளிச்சம் வந்தது.

"நல்லாக் கேட்டீங்க மேடம். பக்கத்து நிலம் யாருது? மனுதாரருது. கேஸ்ல ஜெயிக்கணும்னு கோர்ட் உத்தரவை மீறி உள்ள வந்து நட்டிருக்காங்க. இது அப்பட்டமான அவமதிப்பு. மனுவையே தள்ளுபடி பண்ணணும். நம்ம சூப்பர்வைசர் தினமும் இங்கதான் இருக்கார். என்ன, பாத்தீங்கதானே?"

"நான் வேலியைத் தாண்டலைம்மா," என்றார் மனுதாரர். சூப்பர்வைசர் பக்கம் அவர் திரும்பவே இல்லை.

தலையை ஆட்டினால் போதும். வாயைக்கூடத் திறக்க வேண்டாம். மனு தள்ளுபடியாகும், குவாரி வரும், வீட்டில் பெட்டி பிரித்தது பிரித்தபடி இருக்கும், ஜன்னலோரத்தில் மெஷின் ஓடும். கீழே இருக்கிற வயல் புழுதி மூடிப் போகும். அது அவர் வயல் இல்லையே.

"நான்தாங்க," என்றார் சூப்பர்வைசர்.

"நீங்களா நட்டீங்க?"

"நடலைங்க. சாப்பிட்டுக் கை கழுவினேன்."

"தினமுமா?"

"முதல்ல மத்தியானம் மட்டும். அப்புறம் காலையிலயும் சாயங்காலமும்."

"காலையில வந்ததும் எதுக்குக் கை கழுவினீங்க?"

அவர் தரையைப் பார்த்தார். "வாடிப்போச்சுங்க. பாத்துக்கிட்டு இருக்க மனசு வரலை."

கமிஷனர் எழுதிக்கொண்டார். வக்கீல் கோட்டைக் கழற்றி அதிலேயே முகத்தைத் துடைத்துக்கொண்டார்.

தீர்ப்பு சீக்கிரமே வந்துவிட்டது. அது விளைகிற நிலம்தான், பாதுகாக்கப்பட்ட பகுதிக்குள்தான் வருகிறது, குவாரி அனுமதி செல்லாது. மேனேஜர் போன் செய்தார். அவர் கத்தியிருந்தால் சூப்பர்வைசருக்கு ஆறுதலாக இருந்திருக்கும். மேனேஜர் நிதானமாகத்தான் பேசினார்.

"புல்பூண்டு முளைக்காத இடத்துல தர்பூசணி விளைய வெச்சிருக்கேய்யா. உன்னை எங்க போடறதுன்னு ரொம்ப யோசிச்சேன். நடுக்கடல்ல நமக்கு ஆபீஸ் இல்லை. இருக்கறதுலயே தூரமான குவாரிக்குப் போட்டிருக்கேன். நாளைக்குக் காலையில வண்டி வரும்."

அன்று சாயங்காலம் மனைவியிடம் எல்லாவற்றையும் சொன்னார். ரெண்டு கேன் தண்ணீர் உள்பட.

"அந்தம்மாதான் நட்டாங்கன்னு சொல்லியிருக்கலாம்ல?" என்று கேட்டார் மனைவி.

"சொல்லியிருக்கலாம்."

"சொல்லியிருந்தா இங்கயே இருந்திருக்கலாம்."

"ஆமாம்."

மனைவி ஊசியில் நூல் கோக்கப் பார்த்தார். நூல் நுழையவே இல்லை. "சொல்லாம விட்டதுதான் சரி," என்றார். "சொல்லிட்டு வந்திருந்தா உங்களோட பேசியிருக்க மாட்டேன். ஆனா பெட்டி கட்ட மாட்டேன்னு நான் சொன்னது சொன்னதுதான். இந்த வயசுக்கு மேல இன்னொரு ஊர்ல போய் முதல்லேருந்து சிரிச்சுப் பழக என்னால முடியாது."

"சரிம்மா."

அவரே கட்டினார். அவர் கட்டிய லட்சணத்தைப் பார்த்துக்கொண்டு அந்த அம்மாளால் சும்மா இருக்க முடியவில்லை. எழுந்து வந்து, சுருட்டித் திணித்த சட்டைகளையெல்லாம் வெளியே இழுத்துப் போட்டு ஒவ்வொன்றாக மடித்தார்.

"கட்ட மாட்டேன்னியே?"

"இது பெட்டி கட்டறது இல்லை. சட்டை மடிக்கறது."

வக்கீலிடம் இவ்வளவு நாள் பேசிய பழக்கத்தில் அவருக்கு அந்த வித்தியாசம் நன்றாகவே புரிந்தது. மடித்து முடிக்கும் வரைக்கும் இரண்டு பேரும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்கவில்லை.

காலையில் வண்டி வந்து நின்றது. மனுதாரரும் வந்திருந்தார். அவரும் சூப்பர்வைசரும் வேலி இல்லாமல் பக்கத்தில் நிற்பது அதுதான் முதல் தடவை.

"என்னாலதான் உங்களுக்குக் கஷ்டம்," என்றார் மனுதாரர், மனைவியைப் பார்த்து.

"கஷ்டந்தான்," என்றார் மனைவி. "இல்லைன்னு பொய் சொல்ல மாட்டேன். மாசத்துக்கு ஒரு தடவை வருவார்." சொல்லிவிட்டு, சூப்பர்வைசரின் சட்டைக் காலரைத் தேவையே இல்லாமல் ஒரு தடவை சரி செய்தார்.

பெட்டி ஏறியது. டிரைவர் ஹாரன் அடித்தார். அப்போதுதான் தெருமுனையிலிருந்து ஒரு சைக்கிள் தட்டுத் தடுமாறி வந்தது. கோர்ட் உத்தரவுகளைக் கொண்டுபோய் ஒட்டுகிற அமீனா. ஹேண்டில்பாரில் பசை வாளி தொங்கியது.

"சூப்பர்வைசர் வீடு இதுதானே?" என்று மூச்சு வாங்கினார். "அந்த நிலத்துல போய் ஒட்டலாம்னு பாத்தா ஒரு சுவர்கூட இல்லைங்க. பாறையில பசை நிக்கலை. அதான் இங்க வந்தேன்."

"என்ன உத்தரவு?" என்றார் மனுதாரர். அவருக்கு முகம் வெளுத்துவிட்டது.

"உங்களை எதிர்த்துக் கம்பெனி அப்பீல் போட்டிருக்குங்க. அப்பீல் முடியற வரைக்கும் கமிஷனர் பாத்தப்ப எது எப்படி இருந்துச்சோ அதுல ஒரு துரும்பும் அசையக் கூடாது, புதுசா ஒரு செடியும் கூடிடக் கூடாதுன்னு, கம்பெனி வக்கீலே கேட்டு வாங்கியிருக்கார்." அமீனா வாளியை இறக்கி வைத்து வாசல் சுவரில் பசை தடவ ஆரம்பித்தார்.

"நல்லதுதான்," என்றார் சூப்பர்வைசர். "செடியை யாரும் பிடுங்க மாட்டாங்க."

"அப்பீல் எப்பங்க முடியும்?" என்று கேட்டார் மனைவி.

"இதே கம்பெனியோட இன்னொரு அப்பீலுக்கு முதல் காகிதம் ஒட்டினது எங்கப்பாங்க. அவர் ரிட்டயராகிட்டார். இப்ப நான் ஒட்டிக்கிட்டு இருக்கேன்."

சூப்பர்வைசர் மனுதாரரைப் பார்த்துக் கும்பிட்டார். மனைவியைப் பார்த்துத் தலையை ஆட்டிவிட்டு வண்டிப் படியில் ஒரு காலை வைத்தார்.

அமீனா பசைக் கையோடு ஓடி வந்து அவர் சட்டையைப் பிடித்துக்கொண்டார்.

"சார், காலைக் கீழ வைங்க. செடியை மட்டும் சொல்லலைங்க, அதுக்குத் தண்ணி ஊத்தற ஆளையும் சேத்துத்தான் அங்கேருந்து நகத்தக் கூடாதுன்னு உத்தரவு. நீங்க வண்டியில ஏறினா அது கோர்ட் அவமதிப்பு."